எந்த ஓம்

மனேஜர் இராசசிங்கம் தன் வாழ்நாளில் எந்தக் கூட்டத்திலும் எதையும் முன்மொழிந்ததில்லை. வழிமொழிந்தது மட்டும்தான். கூட்டுறவுச் சங்கக் கடையில் மனேஜராக இருந்து இளைப்பாறியவர். தேவாலய நிர்வாக சபை, பழைய மாணவர் சங்கம், சனசமூக நிலையம், மரண சகாய சங்கம் என்று பூவரசடி ஊரில் கதிரை போட்டு நடக்கிற எல்லாவற்றிலும் உறுப்பினர். அமெரிக்கன் மிசன்காரர் மானிப்பாய்ப் பக்கத்துக்கு ஆஸ்பத்திரியையும் பள்ளிக்கூடத்தையும் கொண்டுவந்ததாகச் சரித்திரம் சொல்லும். நாலு பேர் சேர்ந்தால் அதில் ஒருவர் தலைவர், ஒருவர் செயலாளர், ஒருவர் பொருளாளர், மிச்சமிருக்கிறவர் பொதுமக்கள் என்று பிரிந்து உட்காருகிற வியாதியையும் அவர்கள்தான் கொண்டுவந்திருக்கவேண்டும். அதைச் சரித்திரம் வெட்கத்தில் விட்டுவிட்டது.

வழிமொழிவதற்கு இராசசிங்கத்திடம் ஒரு நியாயம் இருந்தது. மனைவி சீலாவுக்கு மட்டும் சொல்லியிருக்கிறார்.

"முன்மொழிஞ்சவனைத்தான் பிறகு தேடி வருவினம். வாய் திறக்காமல் இருந்தவனையும் பாத்து வைப்பினம். ரண்டுக்கும் நடுவிலை நிக்கிறவனை ஆரும் கவனிக்கிறேல்லை."

ஊரை ஆண்டவர்கள் மாறினார்கள். உடுப்பு மாறியது, கொடி மாறியது, பாசையும் இடைக்கிடை மாறியது. வந்தவர்கள் எல்லாரும் வந்த கையோடு ஒரு கூட்டம் வைத்தார்கள். எல்லாக் கூட்டத்திலும் யாரோ ஒருவர் முன்மொழிந்தார், இராசசிங்கம் வழிமொழிந்தார். முன்மொழிந்தவர்களில் சிலர் இப்போது மாலை போட்ட படமாகச் சுவரில் இருக்கிறார்கள். சிலருக்குப் படம் மாட்டுவதா விடுவதா என்று வீட்டுக்காரருக்கு இன்னும் தெரியாது. இராசசிங்கம் காலையில் பேக்கரிக்குப் பாண் வாங்கப் போய்வருகிறார்.

அப்படிப்பட்டவருக்கு, பிரதேச சபையின் கூட்டத்துக்கு முன்னால், இரண்டு நாளுக்குள் இரண்டு பேர் வந்து வழிமொழியச் சொல்லிக் கேட்டார்கள்.

முதலில் வந்தது உதயகலா. இராசசிங்கம் இருக்கிற விளாத்தியடி ஒழுங்கையில் நாலு வீடு தள்ளி இருப்பவள், முன்பள்ளி ரீச்சர். புருசன் கட்டாரில். ஒழுங்கையின் தலைப்பில் கோபிசங்கர் கட்டிய கலியாண மண்டபம் நிற்கிறது, பெயர் 'கோபி கிறாண்ட் மகால்'. கட்டும்போது மிஞ்சிய கல்லையும் மண்ணையும் பக்கத்து வெள்ளவாய்க்காலுக்குள் கொட்டிவிட்டார்கள். அன்றிலிருந்து மழைத் தண்ணியும் மகாலின் கக்கூசுக் குழி நிரம்பி வழிகிறதும் கடலுக்குப் போகிற எண்ணத்தைக் கைவிட்டு ஒழுங்கைக்குள்ளேயே குடியிருந்தன. சுண்ணாம்புக்கல் தரை, மேலே விட்டது கீழே கிணற்றுக்குத்தான் வரும். மகாலில் ஒரு கலியாணம் முடிந்தால் ஒழுங்கைக் கிணறுகள் நாறும். மாப்பிள்ளை பகுதி பெரிதென்றால் நாற்றமும் பெரிது. முன்பள்ளிப் பிள்ளைகளுக்கு வயிற்றோட்டம் வந்தபோது சுகாதாரப் பரிசோதகர் வந்து தண்ணியைக் கொதிக்கவைத்துக் குடிக்கச் சொல்லிவிட்டுப் போனார். கோபிசங்கரின் கலியாண விருந்துகளில் அவருக்கு எப்போதும் முன்வரிசையில் இலை.

இப்போது சபை அந்த வாய்க்காலை ஒரேயடியாகக் கொங்கிறீற் போட்டு மூடி, மேலே ஒரு 'மக்கள் சதுக்கம்' அமைக்கப்போகிறதாம். மக்கள் அதில் என்ன செய்வார்கள் என்று யாரும் விளக்கவில்லை. மகாலுக்கு ஆட்களை ஏற்றி வருகிற வான்கள் வடிவாக நிற்கும் என்பது மட்டும் கண்ணுள்ளவர்களுக்குத் தெரிந்தது.

"கொங்கிறீற் போட்டால் பிறகு ஆராலும் கிண்டேலாது, மனேஜர் ஐயா," என்றாள் உதயகலா. "மக்களின்ரை கருத்துக் கேக்கிற கூட்டமாமெல்லோ. நான் எழும்பி வாய்க்காலைத் திறந்து தரச்சொல்லி முன்மொழியப் போறன். ஆரும் ஒராள் வழிமொழியாட்டி எடுக்க மாட்டினமாம். நீங்கள் வழிமொழிவியளெல்லோ?"

"ஓம் பிள்ளை."

யாழ்ப்பாணத்து ஓமுக்கு வெளியூர்க்காரர் ஒரே கருத்துத்தான் வைத்திருக்கிறார்கள். இங்கே 'கேட்டனான்' என்றாலும் ஓம். 'விளங்குது, ஆனால் பாப்பம்' என்றாலும் ஓம். 'நேரமாகுது, போட்டு வாரும்' என்றாலும் ஓம். பெயர் சொல்லிக் கூப்பிட்டால் 'இஞ்சை நிக்கிறன்' என்பதற்கும் ஓம். சம்மதம் என்கிற கருத்து அந்த வரிசையில் ஆகக் கடைசியில் நிற்கும், சிலவேளை வராமலும் விடும். உதயகலா இந்த ஊரில் பிறந்தவள்தான். இருந்தும் சம்மதம் என்றே எடுத்துக்கொண்டு போனாள்.

அடுத்த நாள் காலை நிருஷன் வந்தான். கோபிசங்கரின் ஆள். அவனுடைய மோட்டச்சைக்கிள் சத்தம் மூன்று ஒழுங்கைக்குக் கேட்கும், ஆனால் இராசசிங்கத்தின் படலைக்கு முன்னால் மரியாதையாக எஞ்சினை நிறுத்திவிட்டு உருட்டிக்கொண்டு வந்தான். அதைக் கண்டதும் சீலா குசினி வாசலுக்கு வந்தாள்.

"அங்கிள், சுகமா இருக்கிறியளோ? அன்ரிக்குக் கால்நோ எப்பிடி?"

"ஓம் தம்பி. வாரும், இரும்."

"இருக்க நேரமில்லை அங்கிள். நாளைக்குத் தவிசாளர் ஐயா மக்கள் சதுக்கத்தைப் பற்றிக் கதைச்ச உடனை ஒராள் முன்மொழிவார். நீங்கள் வழிமொழிஞ்சால் வடிவா இருக்கும் எண்டு கோபி அண்ணை சொன்னவர். ஊரிலை மதிப்பான ஆள். உங்களுக்குப் பழகின வேலையும்."

"ஓம், ஓம்."

"பிறேம் அண்ணை இப்பவும் சந்தியிலைதானே போன் கடை வைச்சிருக்கிறார்? பொழுதுபட்டாப் பிறகோ பூட்டுறவர்?"

மகன் பிறேமின் கடை எப்போது பூட்டும் என்பது ஊருக்கே தெரியும். தெரிந்ததைக் கேட்கிறவன் பதிலுக்காகக் கேட்பதில்லை.

"அந்த றோட்டிலை ஒரு லைற்றும் இல்லை அங்கிள். தனியத்தான் வாறவர் போலை. அதுதான் கேட்டனான். எங்கடை ஆக்களை நாங்கள்தானே பாக்கவேணும்."

போகும்போது நாய் வெளியே போய்விடாமல் படலையைக் கவனமாகக் கொளுவிவிட்டுப் போனான். முந்திப் பயமுறுத்த வந்தவர்கள் கத்துவார்கள், சுடுவார்கள். இப்போது சுகம் விசாரிக்கிறார்கள். இதைத்தான் இயல்பு நிலை திரும்பிவிட்டது என்று சொல்வது.

அண்மையில் பக்கத்து ஊரில் ஒரு பெடியனின் கையை வாளால் வெட்டியிருந்தார்கள். வெட்டியவர்கள் 'இனந்தெரியாதோர்' என்று பேப்பரில் வந்தது. அவர்கள் எந்தத் தேத்தண்ணிக் கடையில் இருப்பார்கள், யார் சீனி குறைத்துக் குடிப்பார் என்று ஊருக்கே தெரியும். பேப்பருக்குத்தான் இனம் தெரியாது.

சீலா குசினி வாசலில் நின்றாள்.

"ஓம் எண்டனியளோ?"

"ஓம்."

"ஆருக்கு?"

"ரண்டு பேருக்கும்."

அவள் தலையில் கை வைத்தாள். "உந்த வாயை வைச்சுக்கொண்டு." பிறகு குரலைத் தணித்தாள். "கிணறு நாறினால் இறைக்கலாம். பிறேமுக்கு ஒண்டெண்டால்..."

"நான் விசரனே? சதுக்கத்தைத்தான் வழிமொழிவன். உதயகலாவுக்குப் பிறகு ஏதும் சொல்லிச் சமாளிப்பம்."

முடிவு அதுதான். ஞாயிற்றுக்கிழமை ஆராதனையில் பிரசங்கம் முழுவதும் அவர் அந்த ஒரு வசனத்தையே மனதுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தார். மகன் அன்றிரவு முழுதாக வீட்டுக்கு வரவேண்டும். அதற்கு அவர் ஒரு வசனம் சொன்னால் போதும். ஆமென் சொல்லவேண்டிய இடத்திலும் 'வழிமொழிகிறேன்' வந்துவிடுமோ என்று பயந்து வாயை மூடிக்கொண்டிருந்தார்.

கூட்டம் பின்னேரம். சபை மண்டபத்துக்குப் பெயின்ற் அடிக்கிறார்கள் என்று கோபிசங்கர் தன் மகாலையே இலவசமாகத் தந்திருந்தார். மக்கள் யாரைப் பற்றி முறையிட வேண்டுமோ அவருடைய வீட்டிலேயே கூடி, அவருடைய ஏசிக் குளிரில் இருந்து, அவருடைய றோல்ஸைத் தின்றுகொண்டு முறையிடலாம். ஏசி போட்டதால் கதவுகளைச் சாத்திவிட்டார்கள். சாத்தும்போது ஏழெட்டுப் பேர் ஒரே நேரத்தில் திரும்பிப் பார்த்தார்கள். கதவு சாத்திய மண்டபத்துக்குள் ஊரை இருத்திவைத்த பழைய நாட்கள் அவர்களுக்கு நினைவு வந்திருக்கவேண்டும்.

மேடையில் வேறு கதிரை இல்லாததால் சபைத் தவிசாளர் அருட்பிரகாசம் மாப்பிள்ளை இருக்கிற சிவப்பு வெல்வெற் ஆசனத்தில் இருந்தார். பக்கத்துப் பொம்பிளை ஆசனத்தில் கோபிசங்கர். இரண்டு பேருக்கும் மாலை போட்டபோது ஐயர் மட்டும்தான் குறைவு. மேடையின் ஓரத்தில் பிளாஸ்ரிக் கதிரையில் சபையின் செயலாளர் கஜானி, குறிப்பெடுக்க. கிளிநொச்சியிலிருந்து புதிதாக மாற்றலாகி வந்தவள். யாருடைய மச்சான் யார் என்று இன்னும் பிடிபடாதவள், ஆகவே ஆபத்தானவள்.

பின்சுவரோடு இரண்டு பேர் நின்று போனில் படம் எடுத்தார்கள். புலனாய்வா, யூடியூப்பா, கோபிசங்கரின் பெடியளா என்று பிரித்தறிய முடியவில்லை. மூன்று வேலைக்கும் இப்போது ஒரே போன்தான்.

தவிசாளர் பேசினார். 'பங்கேற்பு ஜனநாயகம்' என்ற சொல்லை அவர் ஒரு பயிற்சிப் பட்டறையில் பிடித்து வந்திருந்தார். அதை விட மனமில்லாமல் ஒவ்வொரு வசனத்துக்கும் கட்டி அனுப்பினார்.

"இனி அதிகாரம் எங்கடை கையிலை இல்லை. உங்கடை கையிலை," என்றார் கடைசியாக.

சனங்கள் தங்கள் கைகளைப் பார்த்தார்கள். கைகள் மடியில் இருந்தன. ஒன்றும் அசையவில்லை.

"முதலாவது, பொதுமக்களின்ரை முன்மொழிவுகள். ஒண்டும் இல்லைத்தானே? அப்ப அடுத்த விசயம்..."

உதயகலா எழும்பினாள்.

"எனக்கு ஒண்டு இருக்கு."

நெடுநேரம் பேசவில்லை. வாய்க்கால் எங்கே தொடங்கி எங்கே அடைபட்டிருக்கிறது, எத்தனை வீட்டுக் கிணறு பழுது, முன்பள்ளிப் பிள்ளைகளுக்கு என்ன வந்தது. "வாய்க்காலை மூடவேண்டாம், திறந்து தரவேணும் எண்டு முன்மொழியிறன்." கோபிசங்கரின் பெயரை அவள் சொல்லவில்லை. சொல்லாமல் விட்டதே எல்லாருக்கும் கேட்டது. இருக்கவும் இல்லை, நின்றபடியே நின்றாள். சேலைக் கொய்யகம் கீழே நடுங்குவது இரண்டு வரிசை பின்னால் இருந்த இராசசிங்கத்துக்குத் தெரிந்தது.

"நல்லது. வழிமொழிய ஆராவது?" என்றார் தவிசாளர்.

ஏசி இரைந்தது. விளாத்தியடி ஒழுங்கை முழுவதும் அங்கேதான் இருந்தது, ஒவ்வொருவரும் தத்தமது செருப்பை அன்றுதான் வாங்கியவர்கள்போல் பார்த்துக்கொண்டு. இராசசிங்கம் நாக்கைப் பல்லுக்கிடையில் வைத்துக் கடித்தார். 'வழிமொழிய' என்ற சொல்லைக் கேட்டால் தானாக எழும்புகிற கால்களை இரண்டு கையாலும் அமத்திப் பிடித்திருந்தார். இது இல்லை. அடுத்தது. அடுத்ததுக்குத்தான் எழும்பவேணும்.

"ஒருத்தரும் இல்லைப் போலை," என்றார் தவிசாளர் சந்தோசமாக. சதுக்கத்துக்குப் போகமுதல் தன் ஆள் வந்திருக்கிறாரா என்று பார்க்க நினைத்தவர், ஒலிவாங்கியிலேயே கேட்டார். "இராசசிங்கம் ஐயா?"

"ஓம்," என்று இராசசிங்கம் எழும்பி நின்றார்.

பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள், இங்கே நிற்கிறேன் என்றார், அவ்வளவுதான். ஆனால் தேவாலயத்தில் வேதபாடம் வாசித்துப் பழகிய குரல், மண்டபம் முழுக்கக் கேட்டது. தலை நிமிராமல் எழுதிக்கொண்டிருந்த கஜானி, எழுதியதை முறைப்படி உரத்து வாசித்தாள்.

"முன்மொழிவு ஒன்று, வெள்ளவாய்க்காலைத் திறத்தல். முன்மொழிந்தவர் உதயகலா. வழிமொழிந்தவர் இராசசிங்கம்."

"பொறுங்கோ பிள்ளை, பொறுங்கோ," என்றார் தவிசாளர். "அது வேறை ஓம். நான் கூப்பிட்டதுக்கு அவர் ஓம் எண்டவர்."

"நீங்கள் வழிமொழிய ஆர் எண்டு கேட்டனீங்கள் சேர். பிறகு அவரின்ரை பேர் சொன்னனீங்கள். அவர் எழும்பி ஓம் எண்டவர். எல்லாம் ரெக்கோட்டிலை கிடக்கு. வேறை ஓம் எண்டால் அவர்தான் சொல்லவேணும்."

"எந்த ஓம் எண்டு அவரையே கேளுங்கோவன்," என்று பின்னாலிருந்து ஒரு குரல். ஒழுங்கைக் கடைசி வீட்டு வான் சாரதி கனிசியஸ். அவனால் சும்மா இருக்கமுடியாது. நாலைந்து பேர் சிரித்தார்கள். பின்சுவர்ப் போன்கள் அந்தப் பக்கம் திரும்ப, சிரிப்பு வெட்டினதுபோல் நின்றது.

ஒலிவாங்கியை இராசசிங்கத்திடம் கொண்டுவந்தவன் நிருஷன். வாய்க்குக் கிட்டப் பிடித்துக்கொண்டு, முதல் நாள் படலையில் நின்ற அதே சிரிப்போடு கேட்டான்.

"சொல்லுங்கோ அங்கிள். எந்த ஓம்?"

'இல்லை, அது வழிமொழிஞ்சது இல்லை.' இதைச் சொன்னால் முடிந்தது. பிறேம் வீட்டுக்கு வருவான், இரவுச் சாப்பாட்டுக்குப் புட்டுக் கேட்பான். இராசசிங்கம் வாயைத் திறந்தார். இல்லை என்ற சொல் அவருக்குப் புதிதல்ல. யுத்த காலத்துப் பொருளாதாரத் தடையில் சங்கக்கடை மேசைக்குப் பின்னால் நின்று சீனி இல்லை, சவுக்காரம் இல்லை, மண்ணெண்ணை இல்லை என்று நாள் முழுக்கச் சொன்னவர். ஆனால் அதெல்லாம் வெறுங்கையோடு வரிசையில் நின்றவர்களுக்குச் சொன்னது. எதிரில் நின்று சிரிக்கிறவனுக்கு இல்லை என்று சொல்லி அவருக்குப் பழக்கமில்லை.

உதயகலா அவரைத் திரும்பிப் பார்க்கவில்லை. கெஞ்சுவதுபோல் ஒரு பார்வை பார்த்திருந்தால் அவருக்குக் கோபம் வந்திருக்கும், கோபம் வந்தால் இல்லை என்று சொல்லியிருக்கலாம். அவள் மேடையையே பார்த்துக்கொண்டு, கிடைக்காது என்று ஏற்கெனவே தெரிந்தவள்போல் நின்றாள்.

"வழிமொழிஞ்ச ஓம்," என்றார்.

தன் குரல்தானா என்று அவரே ஒருமுறை பக்கத்தில் பார்த்தார். அது துணிவா, பழக்கமா, தொண்டையின் பிழையா என்று அவருக்குத் தெரியவில்லை. பிறகு கதிரையில் இருந்தார்.

"நல்லது அங்கிள்," என்றான் நிருஷன். சிரிப்பு கொஞ்சமும் மாறவில்லை. ஒலிவாங்கியை மெதுவாக எடுத்துக்கொண்டு போனான்.

"ஆதரவானவை கையை உயர்த்துங்கோ," என்றாள் கஜானி.

ஒரு கையும் இல்லை. பிறகு கனிசியஸுக்குக் காதுக்குப் பின்னால் கடித்தது. சொறிய எடுத்த கையைக் கீழே இறக்க மறந்துபோனான். அவனுக்குப் பக்கத்தில் இருந்தவருக்குத் தலைமயிர் கலைந்திருந்தது. இன்னொரு மனிசிக்கு முக்காடு வழுவியது. சிறிது நேரத்தில் விளாத்தியடி ஒழுங்கை முழுவதும் தலையோடு ஏதோ வேலையாக இருந்தது. தலைக்கு மேலே தெரிந்தது எல்லாம் கை என்று எடுத்துக்கொண்டு கஜானி எண்ணினாள். எதிர்ப்புக் கேட்டபோது கோபிசங்கரின் ஆட்கள் மட்டும் உயர்த்தினார்கள், அவர்கள் குறைவு.

"ஆலோசனையாக ஏற்றுக்கொள்ளுறம். சபை பரிசீலிக்கும்," என்றார் தவிசாளர். வெல்வெற் ஆசனம் திடீரென்று அவருக்குக் குத்தியிருக்கவேண்டும், எழும்பிவிட்டார். மக்கள் சதுக்கத்தை வழிமொழியச் சொல்லி வைத்திருந்த ஆளை இனி வழிமொழியச் சொல்ல முடியாது. வேறு ஆளைத் தேட நேரம் வேண்டும். விசயம் அடுத்த கூட்டத்துக்குத் தள்ளிப்போயிற்று. கோபிசங்கர் மாலையைக் கழற்றி மடித்து மடியில் வைத்துக்கொண்டு, இராசசிங்கம் இருந்த வரிசையைப் பார்த்தபடி இருந்தார்.

சனங்கள் ஆளுக்கிரண்டு றோல்ஸை எடுத்துக்கொண்டு ஒருவரோடு ஒருவர் கதைக்காமல் வெளியேறினார்கள். வென்ற பகுதியின் முகங்களைப் பார்த்தால் செத்தவீட்டால் போகிறவர்கள் என்றுதான் சொல்லலாம்.

இராசசிங்கம் வீட்டுக்குப் போகவில்லை. சைக்கிளை நேரே சந்திக்கு விட்டார்.

"என்னப்பா, உப்பிடி வேர்த்திருக்கு?" என்றான் பிறேம். "கூட்டம் என்னமாதிரி? வழக்கம்போல வழிமொழிஞ்சியளோ?"

"ஓம். கடையைப் பூட்டு, போவம்."

"இப்பவோ? ஏன்?"

சொன்னார். நிருஷன் வந்தது, கேட்டது, படலை கொளுவியது, மகாலில் நடந்தது எல்லாம். பிறேமின் சிரிப்பு பாதியில் போய்விட்டது. திருத்திக்கொண்டிருந்த போனைக் கீழே வைத்தான். றோட்டின் இரண்டு பக்கமும் பார்த்தான்.

"அவன் என்னைச் சொல்லிப் பயமுறுத்தினது எனக்குச் சொல்லேல்லை. பிறகு ஓம் எண்டிட்டு வந்து நிக்கிறியள். வெட்டு விழப்போறது என்ரை கையிலை அப்பா. என்னை ஒரு சொல்லுக் கேட்டனியளோ?"

மக்களின் கருத்தைக் கேட்கவென்றுதானே அவ்வளவு பேரையும் மகாலில் கூட்டியிருந்தார்கள்.

"தெரியாமல் வந்திட்டுது மோனை."

"வந்ததுதான் வந்துது, அதை இல்லை எண்டு சொல்லியிருக்கலாமெல்லோ."

"ஏலாமல் போச்சு."

பொழுது இறங்கிக்கொண்டிருந்தது. கனிசியஸ் வந்தான், போனுக்கு ஐம்பது ரூபாய்க்கு ரீலோட் கேட்டான். போட்டுக் கொடுத்தபிறகும் போகவில்லை, போன் உறைகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தான். அவனுடைய பட்டன் போனுக்கு உறையே கிடையாது. பிறகு முக்காட்டு மனிசி புருசனோடு வந்தாள், ரீலோட். தலைமயிர் கலைந்தவர் வந்தார், சார்ஜர் இருக்கோ என்றார், இருக்கு என்றதும் விலை கேட்க மறந்தார். கடைசியில் உதயகலா ஸ்கூட்டியில் வந்தாள். அடையாள அட்டையைப் போட்டோக்கொப்பி எடுக்கவேண்டுமாம். எதற்கென்று அவளும் சொல்லவில்லை, பிறேமும் கேட்கவில்லை.

மோட்டச்சைக்கிள் வந்தது. கறுப்புக் கெல்மற்றோடு இரண்டு பேர். கடைக்கு முன்னால் மெதுவாகியது. லைற் வெளிச்சம் ஒவ்வொரு முகமாகப் போய்த் தடவியது, எல்லாரும் போனைப் பார்த்தார்கள். பின்னால் இருந்தவன் ஆட்களை எண்ணுகிறவன்போல் தலையை அசைத்தான். பிறகு மோட்டச்சைக்கிள் போயிற்று. சத்தம் மட்டும் போய்த் தொலையவில்லை. லைற் இல்லாத றோட்டில், விளாத்தியடி ஒழுங்கைக்குத் திரும்புகிற வளைவில் நின்று உறுமிக்கொண்டிருந்தது. லைற்றையும் அணைத்துவிட்டார்கள்.

"எல்லாரும் ஒரே பக்கம்தானே," என்றான் கனிசியஸ், யாரையும் பார்க்காமல். "சேந்து போவமே."

பிறேம் கதவை இழுத்துப் பூட்டினான். சாவி இரண்டாம் தரம்தான் போனது. தகப்பனின் சைக்கிளைக் கடைச் சுவரோடு சாத்திவிட்டு, தன் மோட்டச்சைக்கிளை எடுத்து, "ஏறுங்கோ," என்றான். கோபம் இன்னும் குரலில் இருந்தது. இராசசிங்கம் பின்னால் ஏறி, அவன் சின்னப் பெடியனாக இருந்தபோதுகூடப் பிடிக்காத மாதிரி இடுப்பை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

முன்னுக்குப் போக ஒருவருக்கும் விருப்பமில்லை, கடைசியில் வரவும் விருப்பமில்லை. சந்தியில் கொஞ்ச நேரம் ஒருவரை ஒருவர், "நீங்கள் போங்கோ, நான் வாறன்," என்று உபசரித்துக்கொண்டு நின்றார்கள். உதயகலா யாரிடமும் கேட்காமல் ஸ்கூட்டியை றோட்டில் இறக்கினாள். அவளுக்குப் பின்னால் மற்றவர்கள், சைக்கிள்கள் நடுவே முட்டிமோதி, ஆக மெதுவாக.

வளைவு வந்தபோது அங்கே நின்ற மோட்டச்சைக்கிளின் லைற் எரிந்தது. நேரே கண்ணில் அடித்தது. உதயகலா ஸ்கூட்டியை நிறுத்தவில்லை. மற்றவர்களுக்கும் நிறுத்த இடமில்லாமல் போயிற்று.